சவுக்கும் முகமூடியும்

சண்டைப் படம் என்றதும் நம் இலக்கிய அன்பர்களில் பெரும்பாலோர் முகம் சுளிப்பார்கள். படிப்பறியாதவர்களின் பொழுதுபோக்கில் ஆராய என்ன இருக்கிறது என்று கேட்டுவிட்டுக் காதல் காவியங்களின் பக்கம் திரும்பிக்கொள்வார்கள். படத்தைப் பாராமலே தீர்ப்பு வழங்கிவிடும் இந்தப் பழக்கத்தால், இந்தியத் திரைப்பட வரலாற்றின் ஓர் அத்தியாயம் நெடுங்காலம் எழுதப்படாமலே கிடந்தது. ஓடும் ரயிலின் கூரைமேல் நின்று, குதிரையேறி, சவுக்கெடுத்து, ஆண்களைப் புரட்டி எடுத்த பெண்களின் அத்தியாயம் அது. பம்பாயில் அந்த அத்தியாயத்தின் பெயர் நாடியா. தமிழில் அதற்குக் கே. டி. ருக்மணி என்று பெயர்.

பிற்காலத்தில் நாடியாவைப் பற்றி எழுதியவர்கள் வியந்து எழுதினார்கள். ‘அச்சமறியாதவள்’ என்று அன்றைய விளம்பரத்தாள்கள் சூட்டிய பட்டத்தையே மறுபடி மறுபடி சொன்னார்கள். வியப்பு நல்லதுதான், ஆனால் வியப்பு விமர்சனம் ஆகிவிடாது. ஒரு பெண் அஞ்சாதவள் என்பதைக் காட்டிலும், அவள் அஞ்சாதிருக்க எந்த நிபந்தனையின் பேரில் அனுமதிக்கப்பட்டாள் என்பதே ஆராய வேண்டிய விஷயம். ஆபத்தும் ஒரு சொத்துத்தான். அதையும் சிலருக்குக் கொடுத்துச் சிலருக்கு மறுக்கிறார்கள்.

நெய்வேலி நகரியத்தில் வாழ்கிறவனுக்கு இது ஏட்டுக் கேள்வியன்று. இங்கே ஜம்புலிங்க முதலியார் தம் நிலத்தில் தண்ணீருக்காக இறக்கிய ஆழ்கிணறுகளில் நீரோடு கருநிறப் பொருளும் கிளம்பிவந்தது 1935ஆம் ஆண்டை ஒட்டி. அதுதான் பழுப்பு நிலக்கரி. 1956இல் நிறுவனம் பிறந்தது. 1957இல் நேரு சுரங்கப் பணியைத் தொடங்கிவைத்தார். 1961இல் நிலக்கரி வெயிலைக் கண்டது. அந்த 1935இலேயே ஜெனீவாவில் கூடிய சர்வதேசத் தொழிலாளர் மாநாடு, நிலத்தடிச் சுரங்க வேலையில் பெண்களை அமர்த்தலாகாது என்று ஓர் உடன்படிக்கை செய்தது. 1938இல் இந்தியா அதற்கு ஒப்புதல் அளித்தது. அதற்கு முன்பே, 1929ஆம் ஆண்டு விதிகளின்படி, ஜாரியா, ராணிகஞ்சுச் சுரங்கங்களிலிருந்து பெண்கள் படிப்படியாக வெளியேற்றப்பட்டு வந்தார்கள். கணவனோடு சேர்ந்து வெட்டியும் சுமந்தும் பிழைத்த பெண்கள் கூலியை இழந்து மேலே ஏறி வந்தார்கள். போர் வந்தது, நிலக்கரித் தட்டுப்பாடு வந்தது, 1943இல் தடை விலகியது. போர் முடிந்தது, 1946இல் தடை திரும்பியது. அரசுக்குத் தேவைப்பட்ட மூன்றாண்டுகளில் மட்டும் ஆபத்து ஆபத்தாகத் தெரியவில்லை போலும்! பின்னர் வந்த 1952ஆம் ஆண்டுச் சுரங்கச் சட்டம், நெய்வேலியைப் போன்ற திறந்தவெளிச் சுரங்கத்திலுங்கூடக் காலை 6 மணிக்கு முன்னும் மாலை 7 மணிக்குப் பின்னும் பெண்ணுக்கு வேலையில்லை என்றது. அந்தக் கட்டு தளர்வதற்கு 2019ஆம் ஆண்டு வரவேண்டியிருந்தது.

சட்டத்தின் நோக்கம் காப்பாற்றுவதுதான். அதை நான் குறை கூற வரவில்லை. பெண்ணைப் பாதாளத்திலிருந்து மேலே ஏற்ற உலகம் ஒப்பந்தம் எழுதிய அதே 1935ஆம் ஆண்டில், பம்பாய் கிராண்ட் சாலை சூப்பர் சினிமாவில், ஒரு பெண் மதில்மேலிருந்து குதித்து இருபது பேரை உதைப்பதைக் காண ஆண்கள் கூட்டங்கூட்டமாகக் காத்து நின்றார்கள் என்பதை மட்டும் பக்கத்தில் வைத்துப் பார்க்கச் சொல்கிறேன். படம் ‘ஹண்டர்வாலி’. இருபத்தைந்து வாரம் ஓடிற்று.

இந்தக் கலை பம்பாயில் முளைத்ததன்று. அமெரிக்காவில் 1913, 1914ஆம் ஆண்டுகளில் தொடர்ப் படம் என்றொரு வகை எழுந்தது. வாரத்துக்கு ஓர் அத்தியாயம் திரையிடுவார்கள். நாயகி மலைமுகட்டில் தொங்குவாள். தண்டவாளத்தில் கட்டிப் போடப்படுவாள். அடுத்த வாரம் வந்து பார்த்தால்தான் பிழைத்தாளா என்று தெரியும். பத்திரிகைத் தொடர்கதைக்குப் பழகிய நமக்கு இந்த வித்தை புரியாததன்று. கேத்லின் வில்லியம்ஸ் நடித்த தொடர் பதின்மூன்று அத்தியாயம். அதன் கதை நடப்பது, வேடிக்கையைப் பாருங்கள், இந்தியாவில்! அங்கே ஒரு சமஸ்தானம். அதன் பெயர் ‘அல்லாஹா’. வஞ்சகனின் பெயர் ‘உம்பல்லா’. கீழ்த்திசையிலிருந்து எங்கோ காதில் விழுந்த ஒலிகளைக் கொண்டு ஒரு நாட்டையே கட்டிவிட்டார்கள். இறைவனின் திருப்பெயர் வரைபடத்தில் ஓர் ஊராகிவிட்டதே என்று அங்கே யாருக்கும் கூச்சமிருந்ததாகத் தெரியவில்லை. சிங்கமும் யானையும் திரியும் அந்தப் பொய் இந்தியாவில் வெள்ளைக்காரப் பெண்ணொருத்தி தைரியம் காட்டினாள். இதை நினைவில் வைத்துக்கொள்வோம். இருபதாண்டுக்குப் பின் இதே சங்கதி மெய்யான இந்தியாவில் தலைகீழாக நடந்தது.

1914இல் வந்த ‘பாலினின் இடர்கள்’ இருபது அத்தியாயம். அதன் நாயகி பேர்ள் ஒயிட் உலகப் புகழ் பெற்றார். ஹெலன் ஹோம்ஸ் தொடங்கி ஹெலன் கிப்ஸன் தொடர்ந்த ரயில் தொடரோ 119 அத்தியாயம் நீண்டது. சென்னைக் கொட்டகைகளிலும் இத்தகைய தொடர்கள் ஓடின. சென்னையைச் சேர்ந்த டி. ரங்காச்சாரியார் தலைமையில் 1927, 1928ஆம் ஆண்டுகளில் விசாரணை நடத்திய திரைப்படக் குழுவின் முன், மலிவு வகுப்பில் அமரும் மக்களுக்கு இப்படங்களே உயிர் என்று பலர் சாட்சியம் சொன்னார்கள். சொன்ன தொனியில் சிறிது இளக்காரமும் இருந்தது. ஆக, நம் முகச்சுளிப்புக்கும் வயது நூறாகப் போகிறது.

பேர்ள் ஒயிட்டைப் பற்றி ஒரு செய்தி சொல்லாமல் மேலே போக மனமில்லை. தம் சாகசங்களைத் தாமே செய்கிறார் என்பதுதான் அவருடைய புகழுக்கு அடிப்படை. முதுகில் பட்ட அடி அவரை ஆயுள் முழுதும் வாட்டியது. நாளடைவில் ஆபத்தான இடங்களுக்கு ஆள்மாற்று வைக்கத் தொடங்கினார்கள். 1922ஆம் ஆண்டு நியூயார்க்கில், அவருடைய உடையும் பொன்னிறப் பொய்முடியும் அணிந்த ஜான் ஸ்டீவன்சன் என்ற ஆடவர், ஓடும் பேருந்தின் மேலிருந்து தலைக்குமேல் சென்ற இரும்புப் பாலத்தைத் தாவிப் பிடிக்க முயன்று, தவறி விழுந்து இறந்தார். பெண் வேடத்தில் ஓர் ஆண் செத்த பிறகே, திரையில் கண்ட வீரம் யாருடையது என்று ஊர் கேட்டது. ஆபத்தும் வேடமும் இத்துறையில் எவ்வளவு நெருங்கிக் கிடக்கின்றன என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டியதில்லை.

இனி நாடியா. இயற்பெயர் மேரி எவன்ஸ். 1908 ஜனவரியில் ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரில் பிறந்தவர். தந்தை பிரிட்டிஷ் படைவீரர். தாய் கிரேக்கப் பெண்மணி. சிறு வயதில் பம்பாய் வந்தார். முதல் உலகப் போரில் தந்தை மாண்டார். பெஷாவரில் வளர்ந்தபோது குதிரையேற்றமும் வேட்டையும் கைவந்தன. பின்பு பம்பாயில் கடையில் விற்பனைப் பெண்ணாக இருந்தார், நடனக் குழுவோடு ஊரூராகச் சுற்றினார், சர்க்கஸிலும் இருந்தார். ஆர்மீனியக் குறிகாரி ஒருத்தி சொன்னபடி நாடியா என்ற பெயரைச் சூட்டிக்கொண்டாராம்.

அவரைக் கண்டெடுத்தவர்கள் வாடியா சகோதரர்கள். கப்பல் கட்டிய பார்சிக் குடும்பம். 1933இல் தொடங்கிய அவர்களது வாடியா மூவிடோனின் சின்னத்திலும் பாய்மரக் கப்பலே மிதந்தது. மூத்தவர் ஜே. பி. எச். வாடியா படித்தவர், சட்டம் பயின்றவர், பின்னாளில் எம். என். ராயின் சீடர். இளையவர் ஹோமி வாடியா இயக்குநர். டக்ளஸ் ஃபேர்பாங்க்ஸின் முகமூடிக் கதைகளில் மூத்தவருக்குத் தீராத மோகம். நாடியாவுக்கு நந்தா தேவி என்று பெயர் மாற்றி, நீண்ட கறுப்புப் பின்னலும் வைத்துவிடலாம் என்று அவர் முதலில் எண்ணினார். நாடியா மறுத்துவிட்டார். தம் வெள்ளைத் தோலுக்கும் பொன்முடிக்கும் கறுப்புப் பின்னல் கேலிக்கூத்தாக இருக்கும் என்பது அவர் வாதம். ஒரு வேடத்தை மறுத்த பெண் இன்னொரு வேடத்தின் வழியாகவே புகழடைந்தார் என்பது இக்கதையின் முரண்.

‘ஹண்டர்வாலி’யில் அவர் இளவரசி மாதுரி. மந்திரி அரசனைச் சிறையிட்டு நாட்டைச் சூறையாடுகிறான். இளவரசியாக இருக்கும்வரை அவளால் ஒன்றும் ஆகவில்லை. கண்ணை மறைக்கும் முகமூடியை அணிந்த பிறகுதான் அவள் கை ஓங்குகிறது. ஏழைகளின் காவலாகிறாள். படம் வெற்றி பெற்றதும் தீப்பெட்டியிலும் இடுப்பு வாரிலும் சவுக்கிலும் அவள் பெயர் ஏறிற்று. ‘ஹேய்’ என்ற அவளது கூவலைத் தெருப்பிள்ளைகள் கூவினார்கள்.

இங்கே இரண்டு வேடங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்பட்டிருக்கின்றன. வெளிப்படையானது முகமூடி. மற்றொன்று அந்த நடிகையின் வெள்ளை நிறம். அந்நாளில் கௌரவமான குடும்பத்துப் பெண் திரையில் தோன்றுவதே பழிக்கு இடம். காற்சட்டை அணிந்து, தொடை தெரிய, ஆடவர்களோடு கட்டிப் புரளும் வேலையை ‘நம் வீட்டுப் பெண்’ செய்திருந்தால் கொட்டகையை இடித்திருப்பார்கள். அன்னியப் பெண் செய்தபோது கைதட்டினார்கள். அவள் நமக்குப் பொறுப்பல்லவே! ஒரு வெள்ளைக்காரியின் கையில் சவுக்கைக் கொடுத்து, கொடுங்கோலர்களை அடிக்கவிட்டு, அதை அடிமை நாட்டு மக்கள் விடுதலைக் கதையாகக் கண்டு களித்தார்கள் என்பது எவ்வளவு விசித்திரம்! அவளுடைய தந்தை அந்தச் சாம்ராஜ்யத்துக்காகவே உயிர் கொடுத்தவர். சவுக்கு எந்தக் கைக்குப் பழகியதோ அந்தக் கையிலிருந்தே அதைப் பிடுங்கித் திருப்பிவிட்டார்கள் வாடியாக்கள் என்று வேண்டுமானால் சொல்லலாம். நான் அப்படிச் சொல்லவே விரும்புகிறேன். ஆனால், உள்ளூர்ப் பெண்ணிடம் அந்தச் சவுக்கைக் கொடுக்கத் துணியவில்லை என்பதும் அதே காட்சியில்தான் தெரிகிறது.

ஆகையால், எல்லோரும் கொண்டாடும் ‘ஹண்டர்வாலி’யை நாடியாவின் சிறந்த படமாக நான் கருதவில்லை. அதற்கு அடுத்த ஆண்டு வந்த ‘மிஸ் ஃபிராண்டியர் மெயி’லும், 1940இல் வந்த ‘டயமண்ட் குயீ’னுமே அவர் உண்மையில் உயர்ந்து நிற்கும் படங்கள். ஃபிராண்டியர் மெயில் பம்பாயிலிருந்து பெஷாவருக்கு ஓடிய ரயில். அவர் வளர்ந்த ஊருக்கே போகும் வண்டி. அதில் அவர் சவிதா என்ற இக்காலத்துப் பெண். தந்தைமேல் கொலைப்பழி விழுகிறது. ரயில்பாதையைச் சீர்குலைத்து விமானக் கம்பெனிக்கு லாபம் தேடும் கும்பலின் தலைவன் ‘சிக்னல் எக்ஸ்’. கவனிக்க வேண்டியது இது: இப்படத்தில் முகத்தை மறைத்துக்கொண்டு திரிபவன் வஞ்சகன், நாயகி திறந்த முகத்தோடு நிற்கிறாள். ரயில் கூரைமேல் நடக்கும் சண்டையில் காமிரா ஒதுங்கி நின்று அவருடைய முழு உருவத்தையும் காட்டுகிறது. துண்டு துண்டாக வெட்டி ஏமாற்றும் வேலை அங்கே குறைவு. காற்றில் தலைமுடி பறக்க, கால் வைக்கும் இடத்தைக் கண்ணால் அளந்து, எதிரியைத் தோளில் தூக்குகிற அந்த உடம்புக்கு எடை இருக்கிறது. கொடியிடை, மின்னலிடை என்று பாடிப் பழகிய நம் ரசனைக்கு அந்த எடை ஒரு பதில். உழைக்கிற உடம்பு எப்படி இருக்குமோ அப்படி இருக்கிறது அது.

இயந்திரங்களோடு புழங்குகிற ஊர்க்காரனாக இதையும் சொல்ல வேண்டும். சுரங்கத்தின் ராட்சத இயந்திரத்தருகே நிற்பவர் யாரும் கையை வீசி நடக்கமாட்டார். ஒவ்வோர் அசைவும் எண்ணி வைக்கப்படும். நாடியாவின் சண்டைகளில் அந்த எண்ணிக்கை தெரிகிறது. ரசிகர்கள் அதை அச்சமின்மை என்றார்கள். எனக்கு அது தொழிற்பயிற்சியாகப் படுகிறது. அச்சமறியாதவர் இந்த வேலையில் முப்பது ஆண்டு பிழைத்திருக்க முடியாது. 1968இல் ‘கிலாடி’யோடு விலகும்வரை அவர் உடம்போடும் உயிரோடும் இருந்ததற்குக் காரணம், எதற்கு அஞ்ச வேண்டும் என்பதை நன்றாக அறிந்திருந்ததுதான். அவருடைய படங்களில் குதிரைக்குப் ‘பஞ்சாப் கா பேட்டா’ என்றும் காருக்கு ‘ரோல்ஸ் ராய்ஸ் கி பேட்டி’ என்றும் பெயர் போட்டு நடிகர் பட்டியலில் இடம் கொடுப்பார்கள். நகைச்சுவைதான். ஆயினும், தன்னைத் தாங்கும் கருவிக்குப் பெயர் வைத்து மரியாதை செய்வது தொழிலாளியின் குணமென்பதைத் தொழிலாளிகள் அறிவார்கள்.

‘டயமண்ட் குயீ’னில் அவர் மதுரிகா, பம்பாயில் படித்துவிட்டுத் தம் ஊருக்குத் திரும்புகிறவர். ஊரை ஆட்டிப்படைக்கும் கும்பலைத் தம் சொந்தப் பெயரில், சொந்த முகத்தோடு எதிர்க்கிறார். பெண்கள் விடுதலை பெறாமல் தேசம் விடுதலை பெறாது என்ற பொருளில் அவர் பேசும் இடம் ஒன்றுண்டு. பேச்சு அயல்வாடை வீசும் உச்சரிப்பில் வருகிறது. சற்றே மேடைப் பேச்சுத்தான். இருந்தாலும், அடிதடிக்கு நடுவே மூச்சு வாங்கிக்கொண்டு சொல்லப்படுவதால் அதற்கு ஒரு வலு வந்துவிடுகிறது. சொல்லுக்கு உரியதைச் செய்துகாட்டிய பிறகு பேசுகிறவரின் பேச்சல்லவா?

அந்தத் திசையில் போயிருக்க வேண்டிய பயணம் தொடரவில்லை. சகோதரர்கள் பிரிந்தார்கள், ஹோமி வாடியா 1942இல் பசந்த் பிக்சர்ஸைத் தொடங்கினார், 1943இல் ‘ஹண்டர்வாலி கி பேட்டி’ வந்தது. சவுக்கு திரும்பி வந்தது. சந்தைக்குப் பிடித்தது அதுதான். அதற்குப் பின் வந்த படங்களில் பலவற்றை நான் வேகமாகக் கடந்துவிடுகிறேன்; காடும் சிங்கமும் மந்திரமும் மாறி மாறி வந்தன. படத்துக்குப் படம் கடைசியில் நாயகி நாயகனோடு சேர்ந்தாள். வாழ்விலோ, ஹோமி வாடியாவை அவர் மணந்தது 1961இல், தம் ஐம்பத்து மூன்றாம் வயதில். வீட்டாரின் எதிர்ப்பே தாமதத்துக்குக் காரணம். திரையில் எந்த மதிலையும் தாண்டியவர் அந்த மதிலருகே கால் நூற்றாண்டு நிற்க வேண்டியிருந்தது.

வேடமிட்ட வீரம் என்பது சினிமா கண்டுபிடித்த ஒன்றன்று. நம் பழைய கதைகளிலேயே அது வேரோடிக் கிடக்கிறது. மதுரையை ஆண்ட அல்லியரசாணியை எடுத்துக்கொள்ளுங்கள். ஆண் வாடையே ஆகாதவள். பெண்படை கொண்டு ஆண்டவள். நேருக்கு நேர் வெல்ல முடியாத அர்ச்சுனன், வேடம் மாறி, அவள் உறங்கும்போது தாலி கட்டுகிறான். கேட்பவர்கள் அல்லியின் ஆட்சியை ரசிப்பார்கள்; தாலியில் நிம்மதி அடைவார்கள். நம் இல்லங்களில் பாட்டிமார் ராகமிட்டு வாசித்த ‘நூறு மசலா’வில் வரும் இளவரசி மெஹர்பானு கத்தி எடுக்கவில்லை, கேள்வியை எடுக்கிறாள். விடுகதை போட்டே ஆண்களை மண்டியிடச் செய்கிறாள். நூறு கேள்விக்கும் விடை சொல்லும் அப்பாஸ் வந்ததும் கேள்வி நின்று கல்யாணம் தொடங்குகிறது. சரித்திரத்துக்குப் போனாலும் இதேதான். 1236இல் டில்லி அரியணை ஏறிய ரஸியா சுல்தானா, பெண்ணுடையை விட்டு ஆடவரின் அங்கியும் குல்லாவும் அணிந்து அவைக்கு வந்தார் என்று எழுதிவைத்தார்கள். மின்ஹாஜுஸ் ஸிராஜ் அவரிடம் அரசருக்குரிய எல்லாப் பண்பும் உண்டு என்று ஒப்புக்கொண்டு, ஆணாய்ப் பிறக்காத குறையைச் சொல்லி வருந்துகிறார். நான்கே ஆண்டில் ரஸியாவின் ஆட்சி முடிந்தது. உடையை மாற்றிக்கொள்ள ஒத்துக்கொண்ட உலகம், அந்த உடைக்குள் இருந்தவரை ஒத்துக்கொள்ளவில்லை.

இந்தப் பின்னணியில்தான் தமிழின் ‘மின்னல்கொடி’யை வைத்துப் பார்க்க வேண்டும். கே. அமர்நாத் இயக்கி 1937இல் வந்த படம். மோகினி என்ற பெண், உறவினரின் வஞ்சத்தால் வீட்டை விட்டு ஓடுகிறாள். சாகும் தறுவாயில் கிடக்கும் கொள்ளைக்காரன் ஒருவனைக் காண்கிறாள். மின்னல்கொடி என்பது அவன் பெயர். அவன் இறந்தபின் அவன் பெயரையும் அவன் உடையையும் அவள் ஏற்று, பணக்காரர்களைச் சூறையாடி ஏழைகளுக்கு வழங்குகிறாள். அவளைப் பிடிக்க வரும் போலீஸ் அதிகாரியே அவளிடம் மனதைப் பறிகொடுக்கிறான். பாத்திரத்தை ஏற்றவர் சீனிவாச ராவ். மோகினியாக கே. டி. ருக்மணி. அமர்நாத்தும் ருக்மணியும் 1939இல் ‘வீர ரமணி’ என்ற இன்னொரு சண்டைப் படத்திலும் சேர்ந்தார்கள்.

நாடியாவின் வெற்றியைப் பார்த்துத் தமிழில் நகலெடுத்தார்கள் என்று ஒரே வரியில் தள்ளிவிடுவது எளிது. இயக்குநர் வடநாட்டவர்; பின்னாளில் இந்தியில் ‘மிர்ஸா சாஹிபான்’ எடுத்தவர். பம்பாய்ச் சாயல் இருந்தது உண்மைதான். ஆனால் நகலில் ஒரு பெரிய வித்தியாசம் நேர்ந்துவிட்டது. நாடியாவுக்குக் கவசமாக இருந்த அந்த வெள்ளை நிறம் ருக்மணிக்கு இல்லை. பேசுவது தமிழ், முகம் நம் முகம், பெயர் பக்கத்து வீட்டுப் பெயர். ‘அன்னியப் பெண் என்பதால் பொறுத்துக்கொண்டார்கள்’ என்று நாடியாவைப் பற்றிச் சொல்லும் விளக்கம் ருக்மணியிடம் வந்து முட்டி நிற்கிறது. ஆகவே, அந்த விளக்கம் பாதிதான் சரி. நம் ரசிகர்கள் நம் பெண்ணையே குதிரைமேல் காணவும் தயாராக இருந்தார்கள். அப்படியானால் தடை எங்கே இருந்தது?

வேடத்தின் கனத்தைப் பார்த்தால் தெரியும். நாடியாவுக்குக் கண்ணை மறைக்கும் ஒரு துண்டுத் துணி போதுமாக இருந்தது. ருக்மணிக்கு முழு ஆணுடை தேவைப்பட்டது. போதாததற்குச் செத்தவனின் பெயரும் தேவைப்பட்டது. தமிழ்ப் பெண்ணின் வீரம் அவளுடைய சொந்த வீரமாகத் திரையில் வரக்கூடாது. யாரோ ஓர் ஆண் விட்டுச்சென்ற சொத்தாக வரவேண்டும். நிறம் எவ்வளவு குறைந்ததோ அவ்வளவு துணி கூடிற்று! இந்தக் கணக்கை எழுதியவர்கள் தெரிந்து எழுதினார்கள் என்று நான் நினைக்கவில்லை. தெரியாமல் எழுதியதனால்தான் அது நம்பத்தக்க சாட்சியம் ஆகிறது. பெயரிலும் ஒரு குறும்பு இருக்கிறது. பவளக்கொடி என்று பெயர் வைத்தால் அர்ச்சுனனின் இன்னொரு மனைவி. மின்னல்கொடி என்று வைத்தால் கொள்ளைக்காரன். கொடி என்ற மென்மையான பெண்பாற் சொல்லை ஓர் ஆண் திருடனுக்கு வைத்து, அதைப் பெண்ணிடமே திருப்பிக் கொடுத்த கதாசிரியரைப் பாராட்டத்தான் வேண்டும்.

பிந்தைய வரலாறு நீளமானதன்று. 1940களில் தமிழ்ப் படம் பாட்டுக்கும் பின்பு வசனத்துக்கும் தன்னை ஒப்புவித்தது. சண்டை நாயகர்களுக்குப் போயிற்று. பெண்ணுக்கு மிஞ்சியது அழுகை. தெலுங்கில் 1990இல் ‘கர்த்தவ்யம்’ வந்து, ‘வைஜயந்தி ஐ.பி.எஸ்.’ என்று தமிழ் பேசி நம் ஊர்களை ஆட்டியது. விஜயசாந்திக்குத் தேசிய விருதும் கிடைத்தது. அங்கே முகமூடி இல்லை, காக்கி உடை இருந்தது. அரசாங்கம் கொடுத்த உடை என்பதால் ஒரு படி முன்னேற்றம் என்று ஒப்புக்கொள்ளலாம். சீருடையைக் கழற்றினால் அந்தக் கை ஓங்குமா என்ற ஐயம் எனக்கு நீங்கவில்லை. 2017இல் வந்த ‘ரங்கூன்’ என்ற இந்திப் படம் நாடியாவின் சாயலில் ஒரு நாயகியைப் படைத்தது. சவுக்கையும் குதிரையையும் அக்கறையாகத் திரட்டியவர்கள், அவளைக் காதலின் நடுவில் கட்டிப்போட்டு, அவளுடைய தொழிலை அலங்காரமாக்கிவிட்டார்கள்.

நாடியா 1996 ஜனவரியில் மறைந்தார். அதற்கு முன், 1993இல், ஜே. பி. எச். வாடியாவின் பேரன் ரியாத் வின்சி வாடியா அவரைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுத்தார். மூதாட்டியாக அமர்ந்து தம் பழைய சண்டைகளைப் பற்றிச் சிரித்துப் பேசும் நாடியாவை அதில் காணலாம். அந்தப் படம் வந்த பிறகுதான் ஆராய்ச்சியாளர்கள் திரும்பிப் பார்த்தார்கள். ஜெர்மன் மொழியில்கூட அவருக்கு ஒரு வரலாற்று நூல் உண்டு. குடும்பம் படச்சுருள்களைக் காப்பாற்றி வைத்திருந்ததே இத்தனைக்கும் முதல்.

ருக்மணிக்கு அப்படியொரு குடும்பம் படவுலகில் இல்லை. தென்னகத்தின் மௌனப் படங்களில் ‘மார்த்தாண்ட வர்மா’ ஒன்றுதான் காலத்தைத் தப்பி வந்தது என்றால், முப்பதுகளின் பேசும் படங்கள் பலவற்றின் கதியும் அதைவிட மேலானதன்று. பூனாவில் தேசியத் திரைப்படக் காப்பகம் 1964இல்தான் பிறந்தது. அதற்குள் எத்தனையோ சுருள்கள் எரிந்தும் மக்கியும் வெள்ளிக்காக உருக்கப்பட்டும் போயின. அத்தகைய படங்களுக்கு எஞ்சும் சாட்சி, கொட்டகை வாசலில் விற்ற மெலிந்த பாட்டுப் புத்தகங்களே. முன்பக்கத்தில் நாயகியின் படம், உள்ளே கதைச்சுருக்கம், ‘மீதியை வெண்திரையில் காண்க’ என்ற வரி, பிறகு பாட்டுக்கள். சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இவற்றைச் சேர்த்துப் பாதுகாக்கிறது. காரைக்காலிலும் நாகூரிலும் கீழக்கரையிலும், பினாங்கு, ரங்கூன் போய்வந்தவர்களின் பழைய மரப்பெட்டிகள் இன்னும் பரண்களில் கிடக்கின்றன. நூல் பிரிந்த ‘மின்னல்கொடி’ப் பாட்டுப் புத்தகமோ ‘வீர ரமணி’த் துண்டு விளம்பரமோ அவற்றின் அடியில் இருக்கக் கூடும். பெட்டியை விறகுக்குக் கொடுக்குமுன் அன்பர்கள் ஒருமுறை அடிவரை பார்த்துவிட்டு, ஏதேனும் கிடைத்தால் அந்த நூலகத்துக்கு அனுப்பி வைக்கும்படி கேட்டுக்கொள்கிறேன்.